கோ-பேரன்டிங் ஆப்புக்குக் கட்டண விலக்கு: பத்து வாரம், மூன்று விண்ணப்பம், இரண்டு பெயர்

நேற்று மாலை மகளுக்குத் தோசை ஊற்றிக்கொண்டிருந்தபோது அந்த மின்னஞ்சல் வந்தது. "உங்கள் கட்டண விலக்கு விண்ணப்பம் ஏற்கப்பட்டது." அவ்வளவுதான், ஒற்றை வரி. பிரிந்த பெற்றோர் குழந்தை விஷயமாகப் பேசிக்கொள்ளும் கோ-பேரன்டிங் ஆப்புக்கான கட்டணம் அது. அந்த ஒரு வரிக்காகப் பத்து வாரம் அலைந்திருக்கிறேன். மூன்று விண்ணப்பம், நீதிமன்றத்துக்கு நான்கு நடை, அதில் ஒன்று சுத்த வீண். கல்லில் இருந்த தோசை கருகிப் போனது. அதை நானே சாப்பிட்டேன்.

எத்தனை டாலர் என்று கேட்பீர்கள். வருடத்துக்கு நூற்றைம்பதுக்குக் கொஞ்சம் குறைவு. "இதற்கா இத்தனை பாடு" என்று என் தம்பியே போனில் சிரித்தான். குழந்தைகள் காப்பகத்தில் பகுதி நேர உதவியாளராக வேலை பார்த்துக்கொண்டு கலிஃபோர்னியாவில் வாடகை கட்டிப் பார்த்தால் தெரியும். எங்கள் வீட்டில் அது இரண்டு வார மளிகை.

விவாகரத்து முடிந்து இரண்டு வருடம் ஆகிறது. மகள் எந்த நாள் யாரிடம் என்பதில் மறுபடி தகராறு வந்து, முன்னாள் கணவர் மனுப் போட்டார். நீதிபதி எங்கள் வாட்ஸ்அப் சண்டைகளின் ஸ்கிரீன்ஷாட் கட்டை இரண்டு பக்கம் புரட்டிப் பார்த்ததும் முகம் சுளித்துவிட்டார். இனி எல்லாப் பேச்சும் இந்த ஆப்பில்தான், பத்து நாளுக்குள் இருவரும் சேர வேண்டும், அவரவர் கட்டணம் அவரவருக்கு, தகுதி இருப்பவர் விலக்குக்கு விண்ணப்பித்துக்கொள்ளலாம் என்றார். நியாயமான உத்தரவுதான். அனுப்பிய செய்தியை அழிக்க முடியாது, எதிராளி எத்தனை மணிக்குப் படித்தார் என்பதும் பதிவாகும். எங்களைப் போன்றவர்களுக்கு அது தேவை.

என் முதல் தப்பு அங்கேயே நடந்தது. "சரி, யுவர் ஆனர்" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டேன். என் வருமானம் இவ்வளவு, அவருடையது இவ்வளவு, இருவர் கட்டணத்தையும் அவரே கட்டும்படி உத்தரவிட முடியுமா என்று அந்த நிமிடமே கேட்டிருக்கலாம். கட்டணம் இல்லாத ஆப் எதையாவது அனுமதிப்பீர்களா என்றும் கேட்டிருக்கலாம். வாய்தா முடிந்து வெளியே வந்தபிறகு இதையெல்லாம் கேட்க ஆளில்லை. புதிதாக மனுதான் போட வேண்டும். வக்கீல் வைத்துக்கொள்ள வசதியில்லாமல் தனியாக நிற்பவர்கள் ஒரு துண்டுச் சீட்டில் "யார் கட்டுவது?" என்று எழுதிக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஆப் நிறுவனத்தின் பெயரைச் சொல்லப் போவதில்லை. விலக்குத் திட்டம் என்று ஒன்று வைத்திருக்கிறார்களே, அதற்காகவாவது. அவர்கள் கேட்டது இரண்டு காகிதம். ஒன்று, இந்த ஆப்பைப் பயன்படுத்தச் சொல்லும் நீதிமன்ற ஆர்டர். இன்னொன்று, வருமானம் குறைவு என்பதற்கு ஆதாரம். அரசு உதவி பெறும் கடிதமோ, நீதிமன்றமே கட்டண விலக்கு கொடுத்த ஆர்டரோ, எதுவானாலும் சரி. என்னிடம் எல்லாமே இருந்தது. மெடி-கேல் என்ற அரசு மருத்துவக் காப்பீட்டு அட்டை, கால்ஃப்ரெஷ் என்ற உணவு உதவி, விவாகரத்து வழக்கின்போது வாங்கிய விலக்கு ஆர்டர். வாய்தா முடிந்து கையோடு வந்த கிளார்க்கின் குறிப்புத் தாளையும் சேர்த்து அனுப்பிவிட்டு நிம்மதியாகத் தூங்கினேன்.

ஆறு நாள் கழித்துப் பதில். நிராகரிப்பு. காரணம்: நீதிபதி கையெழுத்திட்ட ஆர்டர் வேண்டும், குறிப்புத் தாள் செல்லாது.

இதற்குள் பத்து நாள் கெடு நெருங்கிவிட்டது. நான் ஆப்பில் சேரவில்லை என்று அவருடைய வக்கீல் அலுவலகத்திலிருந்து ஒரு மின்னஞ்சல், "உத்தரவை மீறுகிறீர்கள்" என்ற தொனியில். பயந்துபோய் ஒன்பதாம் நாள் தோழியின் கார்டில் முழு வருடத்துக்கும் பணம் கட்டிச் சேர்ந்துவிட்டேன். கட்டியபிறகுதான் விலக்குப் பக்கத்தின் அடியில் கொசு எழுத்தில் இருந்ததைப் படித்தேன்: பணம் கட்டும் முன் விண்ணப்பிக்கவும், கட்டிய பணம் திரும்பாது. அதுகூடப் போகட்டும். இரண்டு நாள் கழித்து ஆதரவுப் பிரிவிலிருந்து ஒருவர் சாவகாசமாக எழுதுகிறார்: நீதிமன்றக் கெடு இருப்பவர்கள் கேட்டால் விண்ணப்பம் முடியும்வரை தற்காலிகமாகத் திறந்துவிடுவோமே, நீங்கள் கேட்கவில்லையே! அப்படி ஒன்று இருப்பது எங்கேயும் எழுதியில்லை. இல்லாத கதவை எப்படித் தட்டுவது? ஆகவே இதைப் படிப்பவர்கள், எந்த ஆப்பாக இருந்தாலும், பணம் கட்டும் முன் "விண்ணப்பம் நிலுவையில் இருக்கும்போது தற்காலிக அனுமதி உண்டா?" என்று எழுத்தில் கேட்டுவிடுங்கள்.

சரி, கையெழுத்திட்ட ஆர்டருக்கு வருவோம்.

குடும்ப நீதிமன்றத்தில் நீதிபதி வாயால் சொல்வது அன்றே காகிதமாகிவிடும் என்றுதான் நினைத்திருந்தேன். ஆகாது. யாராவது அதை எஃப்எல்-340 என்ற படிவத்தில் எழுதி, எதிர்த்தரப்பு ஒப்புக்கொண்டு, அதன்பிறகே நீதிபதியின் மேசைக்குப் போகும். என் வழக்கில் அதை எழுதும் பொறுப்பு அவருடைய வக்கீலுக்கு. அவருக்கு என்ன அவசரம்? இரண்டு வாரம் சத்தமே இல்லை.

முதல் நடை இதற்குத்தான், வக்கீல் இல்லாதவர்களுக்கு உதவ நீதிமன்றத்திலேயே இருக்கும் செல்ஃப்-ஹெல்ப் சென்டருக்கு. காலை எட்டு மணிக்கே வரிசை. உள்ளே இருந்த அம்மா ஒவ்வொரு வாக்கியத்தையும் "என்னால் சட்ட ஆலோசனை சொல்ல முடியாது" என்று தொடங்கி, அப்புறம் அருமையான தகவலாகச் சொன்னார். ஆர்டரை எழுத வேண்டியவர் வாய்தாவிலிருந்து பத்து நாளுக்குள் எழுதி எதிர்த்தரப்புக்கு அனுப்ப வேண்டும். அனுப்பாவிட்டால் எதிர்த்தரப்பே எழுதலாம். வந்த வரைவை ஒப்புக்கொள்ளவோ ஆட்சேபிக்கவோ வாய்தாவிலிருந்து இருபது நாள். கலிஃபோர்னியா நீதிமன்ற விதி 5.125. அந்த எண்ணைக் கையில் எழுதிக்கொண்டு வந்தேன்.

அன்றிரவு மகள் தூங்கியதும் உட்கார்ந்து கிளார்க்கின் குறிப்பைப் பார்த்துப் பார்த்து எஃப்எல்-340-ஐ நானே நிரப்பினேன். வக்கீல் அலுவலகத்துக்கு அனுப்பும்போது மரியாதையாக ஒரு வரி: "விதி 5.125-இன்படி பத்து நாள் கடந்துவிட்டதால் வரைவை நானே தயாரித்து இணைத்துள்ளேன்." மறுநாள் மதியத்துக்குள் அவர்களுடைய வரைவு வந்துவிட்டது. இரண்டு வாரமாக வராதது இருபது மணி நேரத்தில்! இந்த மொத்தக் கதையிலும் எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான்.

ஆனால் அவர்கள் வரைவில் "அவரவர் கட்டணத்தை அவரவர் கட்ட வேண்டும்" என்பது மட்டும் இருந்தது. விலக்குக்கு விண்ணப்பிக்கலாம் என்று நீதிபதி சொன்ன பாதி காணாமல் போயிருந்தது. மறந்தார்களோ, வேண்டுமென்றே விட்டார்களோ, எனக்குத் தெரியாது. கிளார்க்கின் குறிப்பில் அந்த வரி இருந்ததைச் சுட்டிக்காட்டித் திருத்தச் சொன்னேன், திருத்தினார்கள். எதிர்த்தரப்பு எழுதிய வரைவில் அவசரப்பட்டுக் கையெழுத்துப் போடாதீர்கள். குறிப்புத் தாளைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு வரியாக ஒத்துப் பாருங்கள்.

பிப்ரவரி முதல் வாரத்தில் நீதிபதியின் கையெழுத்தோடு ஆர்டர் வந்தது. இரண்டாவது விண்ணப்பம். முன்பு அட்டையின் புகைப்படத்தை அனுப்பியிருந்தேன்; அட்டை வைத்திருப்பதாலேயே இன்றைக்கும் உதவி வருகிறது என்று ஆகாதாம். எனவே அரசு உதவிகளுக்கான பெனிஃபிட்ஸ்கால் தளத்தில் நுழைந்து அண்மைத் தேதியிட்ட கடிதத்தை இறக்கிக்கொண்டேன். ஐந்து நிமிட வேலை. வழக்கு எண்ணைத் தவிர மற்ற எண்களைக் கறுப்படித்து, எல்லாவற்றையும் ஒரே பிடிஎஃப்பாக்கி அனுப்பினேன்.

மறுபடி நிராகரிப்பு. காரணம்: ஆர்டரில் இருப்பவரும் கடிதத்தில் இருப்பவரும் வெவ்வேறு நபர்கள்.

இதை நம் ஆட்களுக்கு விளக்க வேண்டியதே இல்லை. ஊரில் எனக்கு ஒரே பெயர், முன்னால் ஓர் இனிஷியல். குடும்பப் பெயர் என்ற பழக்கமே கிடையாது. கல்யாணமாகி விசாவுக்குப் பாஸ்போர்ட் எடுக்கும்போது கடைசிப் பெயர்க் கட்டத்தில் ஏதாவது போட்டாக வேண்டுமே என்று கணவர் பெயரைப் போட்டார்கள். குடும்பப் பெயரைக்கூட அல்ல, அந்த மனிதரை வீட்டில் கூப்பிடும் பெயரை. அதற்குப்பின் வங்கியிலும் பல் மருத்துவரிடமும் மின்சாரக் கட்டண ரசீதிலும் எல்லோரும் என்னை "மிஸஸ் இன்னார்" என்று அவர் பெயரைச் சொல்லித்தான் கூப்பிட்டார்கள். விவாகரத்துத் தீர்ப்பில் அதை நீக்கி, அப்பா பெயரைக் கடைசிப் பெயராக வாங்கிக்கொண்டேன். சோஷியல் செக்யூரிட்டி அட்டையை மாற்றினேன். உதவித் துறையிலும் மாற்றினேன். ஆகக் கடிதத்தில் புதுப் பெயர். ஆனால் நீதிமன்ற வழக்கு தொடங்கியது பழைய பெயரில். தலைப்பு அப்படியேதான் இருக்கும். ஆக ஆர்டரில் பழைய பெயர்.

எஃப்எல்-180 தீர்ப்புப் படிவத்தில் "முந்தைய பெயர் மீட்டளிக்கப்படுகிறது" என்ற இடத்தில் குறியிட்டு என் புதுப் பெயர் எழுதியிருக்கும். அந்தப் பக்கத்தை அனுப்பினேன். இரண்டு பெயருக்கும் நடுவில் பாலமே அந்தப் பக்கம்தானே? பதில் வந்தது: நீதிமன்ற ஆவணங்களுக்குப் பொருள் சொல்லும் பொறுப்பை எங்கள் குழு ஏற்பதில்லை, இரண்டு ஆவணமும் ஒரே பெயரில் இருக்கட்டும்.

ஒரு நாள் முழுக்கக் கோபம். பதினோரு வருடம் அந்தப் பெயரைச் சுமந்து, கழற்றி வைத்தபிறகும், ஓர் ஆப்பின் கட்டண விலக்குக்காக மறுபடி அந்தப் பெயரில் போய் நிற்க வேண்டியிருக்கிறதே என்று.

இன்னொன்றும் கவனித்தேன். இவர்கள் ஒரு தடவைக்கு ஒரு காரணம்தான் சொல்வார்கள். பெயர்ப் பொருத்தமின்மை முதல் விண்ணப்பத்திலும் இருந்ததுதான். அப்போதே சொல்லியிருந்தால் மூன்று வாரம் மிச்சம். எனவே நிராகரிப்பு வந்ததும், "இதைச் சரிசெய்தால் போதுமா, வேறு குறை ஏதாவது இருக்கிறதா?" என்று திருப்பிக் கேட்டேன். அதற்குப் பதில் வந்தது: வருமான ஆதாரமாக நீதிமன்ற விலக்கு ஆர்டர் கொடுப்பதானால் நடப்பில் இருப்பதாக இருக்க வேண்டும், பழையது காலாவதி. இதையும் முதலிலேயே கேட்டிருக்க வேண்டும்.

காலாவதி என்பது உண்மைதான். விவாகரத்தின்போது வாங்கிய விலக்கு தீர்ப்பு வந்து 60 நாளில் முடிந்துபோகும் என்பது எனக்கு உறைக்கவே இல்லை. ஒரு முறை வாங்கினால் வழக்கு எண் இருக்கும்வரை ஓடும் என்று நினைத்திருந்தேன். ஆனால் இதிலேயே வழியும் இருந்தது. புதிதாக நீதிமன்ற விலக்கு வாங்கினால் அது வழக்கின் பெயரில், அதாவது பழைய பெயரில் வரும். ஆர்டரும் பழைய பெயர். இரண்டும் ஒத்துப்போய்விடும்.

சரி என்று வேலைக்கு விடுப்புச் சொல்லிவிட்டு, நீதிமன்றக் கட்டண விலக்குக் கோரும் எஃப்டபிள்யூ-001 படிவத்தை நிரப்பி எடுத்துக்கொண்டு நீதிமன்றத்துக்குப் போனேன். கதவு பூட்டியிருந்தது. பிப்ரவரி 12. லிங்கன் பிறந்தநாள். அஞ்சலகம் திறந்திருக்கிறது, வங்கி திறந்திருக்கிறது, நான் வேலை பார்க்கும் காப்பகம்கூடத் திறந்திருக்கிறது. கலிஃபோர்னியா நீதிமன்றங்களுக்கு மட்டும் விடுமுறை. என்னோடு இன்னும் நாலைந்து பேர் கண்ணாடிக் கதவில் ஒட்டியிருந்த காகிதத்தைப் படித்துவிட்டு ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். ஒரு பெரியவர் லிங்கனை ஸ்பானிஷில் ஏதோ சொன்னார். நல்ல வார்த்தையாக இருந்திருக்காது. அரை நாள் சம்பளமும் பார்க்கிங்கும் போச்சு. நீதிமன்றத்தின் விடுமுறைப் பட்டியலை அவர்கள் தளத்திலேயே பார்த்துவிட்டுக் கிளம்புங்கள், பள்ளிக்கூட நாட்காட்டியை நம்பாதீர்கள்.

மறுநாள் மூன்றாவது நடை. கவுண்டரில் இருந்தவர் படிவத்தைப் புரட்டாமலே கேட்டார்: "எந்தக் கட்டணத்துக்கு விலக்கு?" ஆப் கட்டணம் என்றேன். "அது தனியார் நிறுவனம். எங்களுக்குச் சம்பந்தமில்லை." இல்லை, அவர்கள் உங்கள் விலக்கு ஆர்டரைக் கேட்கிறார்கள் என்றேன். "நீங்கள் இங்கே எதுவும் தாக்கல் செய்யவில்லையே, எதை விலக்குவது?" அடுத்தவரைக் கூப்பிட்டுவிட்டார். அவர் சொன்னதில் தப்பு இல்லை என்பதுதான் எரிச்சல். நிறுவனம் நீதிமன்றத்தைக் கைகாட்டுகிறது, நீதிமன்றம் நிறுவனத்தைக் கைகாட்டுகிறது, நடுவில் நான் பந்து.

கீழ்த்தளத்தில் அதே செல்ஃப்-ஹெல்ப் அம்மா. என்னை ஞாபகம் வைத்திருந்தார். "சட்ட ஆலோசனை சொல்ல முடியாது" என்று தொடங்கினார், பாலை வார்த்தார். கையெழுத்தான ஆர்டருக்கு நீதிமன்ற முத்திரையோடு சான்றிட்ட நகல் கேட்டால் அதற்கு 40 டாலர் கட்டணம் உண்டு, பக்கத்துக்கு நகல் காசு தனி. அந்தக் கட்டணத்துக்கு விலக்குக் கேட்கலாம். கேட்டால் விலக்கு ஆர்டர் பிறக்கும்!

மறுபடி மாடிக்கு. "ஆர்டருக்குச் சான்றிட்ட நகல் வேண்டும். கட்ட வசதியில்லை. இதோ எஃப்டபிள்யூ-001." அதே கவுண்டர், அதே ஆள். என்னை ஒரு பார்வை பார்த்தார். டக்கென்று முத்திரை குத்தி வாங்கிக்கொண்டார்.

அந்தப் படிவத்தைப் பற்றி இரண்டு விஷயம். அரசு உதவி பெறுபவர்கள் 5ஏ-வில் குறியிட்டு எந்த உதவி என்று காட்டினால் போதும், இரண்டாம் பக்கத்தின் வரவு செலவுக் கணக்கை நிரப்ப வேண்டாம். நான் முட்டாள்தனமாக மூன்று மாத மின்சார ரசீதுகளைத் தேடி எடுத்துக் கூட்டிக் கழித்துக்கொண்டிருந்தேன். அப்புறம், எஃப்டபிள்யூ-001 ரகசிய ஆவணம். எதிர்த்தரப்பு அதை எடுத்துப் படித்துவிடுமோ என்று கூச்சப்பட்டுத்தான் பலர் விண்ணப்பிப்பதே இல்லை. நானும் விவாகரத்தின்போது அப்படித்தான் ஒரு மாதம் தள்ளிப்போட்டேன்.

ஐந்து நீதிமன்ற வேலை நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும். நடுவில் இன்னொரு விடுமுறை வந்தது, அதிபர்கள் தினம். அமெரிக்க அதிபர்கள் எல்லோரும் சேர்ந்து எனக்கு எதிராகச் சதி செய்வதாகவே தோன்றியது. ஆனாலும் கெடுவுக்குள் எஃப்டபிள்யூ-003, அதாவது விலக்கு ஆர்டர், வந்துவிட்டது. நான்காவது நடையில் அதையும் நகலையும் வாங்கிவந்தேன். இரண்டிலும் பழைய பெயர், எழுத்துக்கு எழுத்து ஒன்றாக.

மூன்றாவது விண்ணப்பத்தில் அந்த இரண்டு காகிதம் மட்டும். கூடுதலாக ஒரு தாளும் வைக்கவில்லை. எவ்வளவு குறைவாகக் கொடுக்கிறோமோ அவ்வளவு குறைவாகக் கேள்வி வரும் என்பது அதற்குள் புரிந்திருந்தது. அனுப்பும் முன் ஆப் கணக்கிலும் பெயரைப் பழையபடி மாற்றினேன். இப்போது அதில் நான் ஒரு செய்தி அனுப்பினால், அனுப்புநர் என்ற இடத்தில் என் பெயருக்குப் பின்னால் அவர் பெயர் வரும். பெறுநர் என்ற இடத்திலும் அவர் பெயர். அவர் பெயரில் அவருக்கே எழுதிக்கொண்டிருக்கிறேன்.

அதன்பிறகு இரண்டரை வாரம் மௌனம், நேற்று அந்த ஒற்றை வரி. கட்டிய பணத்தைக் கேட்டுப் பார்த்தேன், முடியாது என்றார்கள். மறுபடி கேட்டதில், கட்டிய வருடம் முடிந்தபின் விலக்கு வருடம் தொடங்கும்படி மாற்றிக் கொடுத்தார்கள். பாதி வெற்றி. தோழிக்கு மாதம் இருபதாகத் திருப்பிக் கொடுத்துக்கொண்டிருக்கிறேன். அவள் கார்டு இன்னும் கணக்கில்தான் இருந்தது, தானாகப் புதுப்பிக்கும் வசதி இயக்கத்திலேயே. விலக்கு கிடைத்துவிட்டதென்று அதை அப்படியே விட்டிருந்தால் அடுத்த ஜனவரியில் அவள் கார்டிலிருந்து மறுபடி எடுத்திருப்பார்கள். நேற்றிரவே அணைத்துவிட்டு, கார்டையும் நீக்கினேன்.

விலக்கு ஓராண்டுக்குத்தான். முடியும் முன் மறுபடி விண்ணப்பிக்க வேண்டும், அண்மைத் தேதியிட்ட ஆதாரத்தோடு. மறந்துவிடக் கூடாதே என்று ஆப்பின் நாட்காட்டியிலேயே நினைவூட்டல் போடப் போய், கடைசி நொடியில் கையை எடுத்தேன். அது இருவருக்கும் பொதுவான நாட்காட்டி. போட்டிருந்தால் மகளின் பல் மருத்துவர் தேதிக்குக் கீழே "கட்டண விலக்கு — மறுபடி" என்று அவருக்கும் அறிவிப்பு போயிருக்கும். ஃப்ரிட்ஜ் கதவில் தொங்கும் மளிகைக் கடைக் காலண்டரில் பேனாவால் எழுதி வைத்திருக்கிறேன். பிப்ரவரி 12-ஐயும் சிவப்பில் வட்டமிட்டாயிற்று.